மஹ்ரம் இல்லாத வீடு: ஆப்கன் போர் விதவையின் உரிமை எந்த இடத்தில் நின்றுபோகிறது?

#1 வைகறை

வணக்கம். 2021-இல் தாலிபான் திரும்ப ஆட்சிக்கு வந்தபின் ஆப்கன் பெண்கள் பற்றித் தமிழில் வரும் செய்திகளில் ஒரே வரிதான் திரும்பத் திரும்ப வருகிறது: "ஆண் துணை இல்லாமல் வெளியே போகத் தடை." 1978-இலிருந்து நாற்பது ஆண்டுக்கு மேல் போர் நடந்த நாடு அது. புருஷனும் அண்ணன் தம்பியும் செத்துப்போன வீடுகள் ஏராளம். ஆணே இல்லாத வீட்டில் இந்த விதி எப்படி வேலை செய்கிறது?

மூன்று விஷயம் வேண்டும். (1) அந்த 'ஆண் துணை'யை அங்கே மஹ்ரம் என்கிறார்கள், அது சரியாக யார் யார்? (2) கணவன் இறந்தபின் சொத்து, மறுமணம், பிள்ளைகள் பற்றிச் சட்டம் என்ன சொல்கிறது, நடப்பது என்ன? (3) சாப்பாட்டுக்கும் பிரசவத்துக்கும் என்ன வழி? கோஷம் வேண்டாம். படிப்படியாகச் சொல்லுங்கள்.

#2 தராசு_முள்

முதல் கேள்வியில்தான் மற்ற எல்லாமே அடங்கியிருக்கிறது, அதனால் அதை முதலில் பார்ப்போம்.

மஹ்ரம் என்பவர் அந்தப் பெண் எந்தக் காலத்திலும் திருமணம் செய்ய முடியாத ஆண்: அப்பா, தாத்தா, மகன், பேரன், உடன்பிறந்தவன், உடன்பிறந்தாரின் மகன், சித்தப்பா, பெரியப்பா, தாய்மாமன், மாமனார், மருமகன். ஒரே பெண்ணிடம் பால் குடித்ததால் வரும் பால்குடி உறவும் சேரும். இவர்களோடு கணவன்.

இனி பட்டியலில் இல்லாதவர்கள்: கொழுந்தன், மச்சான், அக்கா புருஷன், சித்தப்பா மகன், மாமா மகன். கணவனை இழந்தவள் பெரும்பாலும் மாமியார் வீட்டில்தான் தங்குகிறாள். அங்கே மாமனார் உயிரோடு இருந்தால் அவர் மஹ்ரம், மகன் இறந்தாலும் அந்த உறவு அறாது. மாமனாரும் போய்விட்டார் என்றால் மிஞ்சுவது கொழுந்தன்கள். அவர்கள் மஹ்ரம் ஆக ஒரே வழிதான் உண்டு. அவளை நிக்காஹ் செய்துகொள்வது.

இந்த ஒரு கண்ணியைப் பிடித்துக்கொண்டால் மீதி எல்லாம் புரியும். கொழுந்தனுக்குக் கட்டிவைப்பது பழைய வழக்கம். மஹ்ரம் விதி அந்த வழக்கத்துக்கு முட்டுக்கொடுக்கிறது. கட்டாயக் கல்யாணம் கூடாது என்று ஒரு ஆணை சொல்கிறது. பஸ் ஏற மஹ்ரம் வேண்டும் என்று இன்னொரு ஆணை சொல்கிறது. இரண்டும் ஒரே பெண்ணின் மேல் ஒரே நேரத்தில் விழுகின்றன.

#3 நூருல்_அமீன்

தராசு சொன்ன பட்டியல் சரி. தூரக் கணக்கை நான் சேர்க்கிறேன்.

2021 டிசம்பர் கடைசியில் தாலிபான் அரசிடமிருந்து வந்த அறிவிப்பு 72 கிலோமீட்டர் என்றது. அதற்கு மேல் போகும் பெண் தனியாக வந்தால் வண்டியில் ஏற்றக்கூடாது. இந்த எண் ஃபிக்ஹில், அதாவது இஸ்லாமியச் சட்ட நூல்களில், 'பயணம்' என்பதற்குச் சொல்லும் அளவிலிருந்து வருகிறது. பயணத்தில் சுருக்கித் தொழும் கஸ்ர் தொழுகைக்கு நம் ஊர் ஜமாஅத்துகளில் தூரம் பார்ப்பார்களே, அதே வகைக் கணக்கு. ஹனஃபி எனும் சட்டப் பிரிவின் நூல்களில் மூன்று நாள் நடைதூரம் என்று இருக்கும். அதை இன்றைய கிலோமீட்டருக்கு மாற்றும்போது ஆளுக்கு ஆள் சற்று வேறுபடும்.

கடமையான ஹஜ்ஜுக்கு நம்பகமான பெண்கள் கூட்டத்தோடு போகலாம் என்று ஷாஃபிஈ எனும் இன்னொரு மத்ஹபில் (சட்டப் பிரிவில்) இடம் இருக்கிறது. இந்தியாவிலேயே 2018 முதல் 45 வயது கடந்த பெண்கள் நான்கு பேராகச் சேர்ந்து மஹ்ரம் இன்றி ஹஜ்ஜுக்குப் போகிறார்கள். ஆக, "மார்க்கத்தில் வேறு பேச்சே கிடையாது" என்பது உண்மை அல்ல.

பெரிய மாற்றம் தூரத்தில் இல்லை, பொறுப்பு யார் தலையில் என்பதில் இருக்கிறது. பழைய நூல்களில் அது அந்தப் பெண்ணின் அமல் (மார்க்க நடத்தை) பற்றிய பேச்சு. இப்போது ஓட்டுநர் பொறுப்பு. 2024 ஆகஸ்டில் வெளியான 35 பிரிவுகள் கொண்ட ஒழுக்கச் சட்டம் இதை எழுத்திலேயே வைத்துவிட்டது: மஹ்ரம் இல்லாத பெண்ணையும், ஹிஜாப் சரியில்லாத பெண்ணையும் ஏற்றக்கூடாது. ஓட்டுநர் தன் பிழைப்பைப் பார்ப்பாரா, அவளுக்காக வாதாடுவாரா? 72 கிலோமீட்டரை அவர் அளந்துகொண்டிருக்க மாட்டார். பத்து கிலோமீட்டருக்கும் வேண்டாம் என்பார். எழுதியிருப்பதைவிட நடப்பது கடுமையாக இருப்பதற்குக் காரணம் இதுதான்.

#4 மேகலா_ஆர்

நூருல் பாய் சொன்ன 'பொறுப்பு யார் தலையில்' என்பதற்கு இன்னொரு சான்று 2022 மே 7 ஹிஜாப் ஆணை. தண்டனை நான்கு படி. முதலில் வீட்டைக் கண்டுபிடித்து அந்தப் பெண்ணின் ஆணுக்கு அறிவுரை. இரண்டாவது, அவரை அலுவலகத்துக்கு வரவழைப்பது. மூன்றாவது, அவருக்கு மூன்று நாள் சிறை. நான்காவது, அவர் நீதிமன்றத்தில் நிற்க வேண்டும். அரசு வேலையில் இருப்பவர் என்றால் வேலைக்கும் ஆபத்து. அவசியம் இல்லாமல் வீட்டை விட்டு வராமல் இருப்பதே சிறந்த ஹிஜாப் என்றும் அதே ஆணை சொல்கிறது.

நாலு படியிலும் அடி வாங்குவது ஆண். அதனால் தெருவில் காவலர் நிற்காத கிராமத்திலும் ஆணை நடக்கிறது. பிரியமுள்ள அப்பாவே மகளைக் கதவுக்குள் நிறுத்துகிறார், மறுநாள் தான் உள்ளே போய்விட்டால் வீட்டுக்கு ரொட்டி யார் கொண்டு வருவது என்று பயந்து.

விதவை வீட்டில் இந்த நாலு படிக்கும் ஆள் கிடையாது. அவர்கள் யாரைப் பிடிப்பார்கள்? அவளையே. அல்லது அவளுக்கு வாடகைக்கு வீடு கொடுத்தவரை, வேலை கொடுத்தவரை. ஆகவே வீடும் வேலையும் கொடுக்க ஆள் முன்வருவதில்லை.

#5 வைகறை

கொழுந்தன் விஷயம் இதுவரை எங்கும் படிக்காத ஒன்று. நன்றி. சொத்துக்கு வருவோம். இஸ்லாமிய வாரிசு முறையில் மனைவிக்கு எட்டில் ஒரு பங்கு என்கிறார்கள். அது கிடைக்கிறதா?

#6 தராசு_முள்

ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். நிலத்தை அங்கே ஜெரீப் என்று அளப்பார்கள். ஒரு ஜெரீப் 2,000 சதுர மீட்டர், நம் அரை ஏக்கருக்குக் கொஞ்சம் குறைவு.

இறந்தவர் பேரில் 16 ஜெரீப். பெற்றோர் முன்பே இறந்துவிட்டார்கள். மனைவி, இரண்டு மகன், ஒரு மகள். முதலில் அடக்கச் செலவு. அடுத்து கடன். நிக்காஹில் கணவன் மனைவிக்குத் தருவதாகப் பேசிக் கொடுக்காத மஹர் இந்தக் கடனில் சேரும், இதைப் பலர் விட்டுவிடுகிறார்கள். அதன்பின் உயில், அதுவும் மூன்றில் ஒன்றுக்குள். மிச்சம்தான் பங்கு. கடன் ஏதும் இல்லை என்று வைத்தால் மனைவிக்கு எட்டில் ஒன்று, 2 ஜெரீப். மீதி 14-இல் மகனுக்கு 5.6, இன்னொரு மகனுக்கு 5.6, மகளுக்கு 2.8. பிள்ளை இல்லாவிட்டால் மனைவியின் பங்கு நாலில் ஒன்று.

காகிதத்தில் இவ்வளவும் தெளிவு. தாலிபான்களும் இதை மறுப்பதில்லை. பிறகு எங்கே கெடுகிறது?

முதல் இடம் பட்டா. போரில் சாகிறவர்கள் இளைஞர்கள். இருபத்தைந்து வயதில் செத்தவன் பேரில் நிலம் ஏது? எல்லாம் அப்பா பேரில், சில ஊரில் தாத்தா பேரில், பாகம் பிரிக்காமல் கிடக்கும். மகன் தகப்பனுக்கு முன்னால் இறந்துவிட்டால், ஹனஃபி வாரிசு முறையில் உயிரோடிருக்கும் மற்ற மகன்கள் பேரப்பிள்ளைகளைத் தள்ளிவிடுவார்கள். மருமகள் எப்போதுமே வாரிசு இல்லை. எட்டில் ஒன்று என்பது கணவனுடைய சொத்தில்தான். கணவனுக்குச் சொத்தே வந்து சேரவில்லை என்றால் எட்டில் ஒன்று என்பது பூஜ்யத்தில் எட்டில் ஒன்று. இந்த ஓட்டையை அடைக்க எகிப்து 1946-இல் 'கட்டாய வஸிய்யத்' (கட்டாய உயில்) என்று ஒரு வழி கொண்டுவந்தது, பாகிஸ்தான் 1961-இல் வேறொரு வழி. இரண்டுமே பேரப்பிள்ளைகளுக்குத்தான். அவர்களின் தாய்க்கு அதில் ஒன்றும் இல்லை.

இரண்டாவது இடம் மஹர். நிக்காஹில் தொகை பேசுவார்கள், கையில் தர மாட்டார்கள். நிக்காஹ்நாமா பெரும்பாலும் பதிவு ஆவதும் கிடையாது. கொடுக்கப்படாத மஹரை நிரூபிக்கச் சாட்சி வேண்டும், சாட்சியோ கணவன் வீட்டு ஆட்கள்.

மூன்றாவது, போய் நிற்க வேண்டிய இடம். 2021-க்கு முன் மாவட்ட 'ஹுகூக்' (உரிமைகள்) அலுவலகத்தில் மனு கொடுக்கலாம். அங்கே சமரசம் ஆகாவிட்டால் நீதிமன்றம். நாட்டில் 250-க்கு மேல் பெண் நீதிபதிகள் இருந்தார்கள். இன்று ஒருவரும் இல்லை. பெண் வழக்கறிஞர்களுக்கு உரிமம் இல்லை. கொழுந்தன் மேல் வழக்குப் போட ஓர் ஆணைக் கூட்டிக்கொண்டுதான் நீதிமன்ற வாசலை மிதிக்க வேண்டும். கூட வரக்கூடிய ஆண் கொழுந்தனே.

#7 மேகலா_ஆர்

மறுமணம் பற்றிய ஆணைகளை வரிசையாக வைத்துப் பார்த்தால் மனசு கனத்துப்போகும். விதவையைக் கணவனின் நெருங்கிய உறவினனுக்குக் கட்டாயமாகக் கட்டிவைக்கக் கூடாது என்று அமீர் அப்துர் ரஹ்மான் கான் தடை போட்டார். அவர் ஆட்சி 1880 முதல் 1901 வரை. 1920-களில் மன்னர் அமானுல்லா குடும்பச் சட்டங்கள் கொண்டுவந்தார். 1978 அக்டோபரில் கம்யூனிஸ்ட் அரசின் ஏழாம் ஆணை மஹருக்கு 300 அஃப்கானி என்று உச்சவரம்பு வைத்து, சம்மதமில்லாத கல்யாணத்தைத் தடுத்தது. 1998-இல் அன்றைய தாலிபான் தலைவர் முல்லா உமர் இதையே தடுத்து ஓர் ஆணை போட்டார். 2009-இல் பெண்கள் மீதான வன்முறை ஒழிப்புச் சட்டம், 22 செயல்களைக் குற்றம் என்றது. 2021 டிசம்பர் 3-இல் இப்போதைய தாலிபான் தலைவரின் ஆணை: பெண் சொத்து அல்ல, இரத்தப் பழிக்கு ஈடாகக் கொடுக்கக் கூடாது, கணவன் இறந்தபின் காத்திருக்கும் காலமான இத்தா முடிந்தபின் விதவையை யாரும் வற்புறுத்தக் கூடாது, புதுக் கணவனிடம் மஹர் அவள் உரிமை.

அமீர், மன்னர், கம்யூனிஸ்ட், தாலிபான், குடியரசு, திரும்பவும் தாலிபான். எல்லாரும் ஒன்றையே தடுத்திருக்கிறார்கள். ஏன் நிற்கவில்லை?

காசு. பஷ்தூன் பகுதியில் 'வல்வர்', தாரி பேசுவோர் 'தோயானா' அல்லது 'ஷீர்பஹா' என்று சொல்வது மஹர் அல்ல. மஹர் பெண்ணுக்கு. வல்வர் பெண்ணின் அப்பாவுக்கு. அதைக் கொடுக்க மாப்பிள்ளை வீட்டார் கூட்டாகக் கடன் வாங்குவார்கள், நிலத்தை அடகு வைப்பார்கள். மாப்பிள்ளை செத்துப்போனால் "குடும்பம் காசு கொடுத்துக் கொண்டுவந்த பெண்" வேறு வீட்டுக்குப் போவதை விடமாட்டார்கள். அவளை வைத்துக்கொண்டால் புது வல்வரும் மிச்சம். மேலே தராசு சொன்ன பிள்ளைகளின் பங்கும் வெளியே போகாது.

ஆணைகள் அந்தக் கடனைத் தொடவே இல்லை. 1978 ஆணை மட்டும் தொட்டது, அதுவும் தப்பாக. வல்வரை ஒழிக்கப் போய் மஹரையும் 300-க்குச் சுருக்கிவிட்டது. விதவைக்கு இருந்த கொஞ்ச நஞ்சப் பிடியும் அதோடு போனது. கிராமங்களுக்கு அதைக் கொண்டு போனவர்கள் துப்பாக்கியோடு போனார்கள். அப்புறம் கலகம் வெடித்தது.

#8 பாலகுமார்

அமெரிக்கா இருந்த 20 வருஷம் நன்றாகத்தானே இருந்தது? பள்ளிக்கூடம், பாராளுமன்றம், பெண் கவர்னர் எல்லாம் இருந்ததே. அதை ஏன் யாரும் சொல்ல மாட்டேன் என்கிறீர்கள்?

#9 மேகலா_ஆர்

சொல்கிறேன் தம்பி. இருந்தது, சின்ன விஷயமும் இல்லை. 2004 அரசமைப்பு கீழவையின் 249 இடங்களில் 68-ஐப் பெண்களுக்கு உறுதி செய்தது. பாமியானில் 2005-இல் ஹபீபா சராபி ஆளுநர். சீமா சமர் தலைமையில் மனித உரிமை ஆணையம். அந்த ஆணையத்தை 2022 மே மாதம் கலைத்துவிட்டார்கள். பெண்கள் விவகார அமைச்சகக் கட்டடத்தில் இன்று உட்கார்ந்திருப்பது ஒழுக்கத்துறை.

ஆனால் அதே 20 வருஷத்தில் வீட்டை விட்டு ஓடிவந்த பெண்களைச் சிறையில் வைத்தார்கள். 'ஃபரார் அஸ் மன்ஸில்', வீட்டிலிருந்து தப்பியோட்டம் என்று பெயர். தண்டனைச் சட்டத்தில் அப்படி ஒரு குற்றமே எழுதப்படவில்லை. கன்னித்தன்மைப் பரிசோதனை நடந்தது. 2009 சட்டம் ஜனாதிபதி ஆணையாக வந்ததுதான். 2013-இல் பாராளுமன்றத்தில் வைத்தபோது நிறைவேறவில்லை. அடித்த வழக்குகளைப் போலீசும் அரசு வழக்கறிஞரும் சமரசத்துக்கு அனுப்பிக்கொண்டே இருந்தார்கள்.

விதவைகள் எங்கே உண்டானார்கள் என்பதையும் பாருங்கள். ஹெல்மந்த், கந்தஹார், குந்தூஸ் கிராமங்களில் இரவுச் சோதனை, விமானக் குண்டு, தாலிபான் வைத்த சாலைக் கண்ணிவெடி. காபூலில் பெண் வானொலி நிலையம் நடத்திய அதே வருஷங்களில் ஹெல்மந்தின் சங்கினில் ஒரு பெண்ணுக்கு வீட்டு ஆண்கள் ஒவ்வொருவராகப் போனார்கள். அவள் பிள்ளைக்குப் பள்ளியும் வரவில்லை. இரண்டையும் சேர்த்தே பேச வேண்டும்.

#10 பாலகுமார்

சரி அக்கா, ஒப்புக்கொள்கிறேன். ஆனாலும் புகார் கொடுக்க ஒரு கதவு அப்போது இருந்தது, இப்போது இல்லை.

#11 மேகலா_ஆர்

அதில் உங்களோடு முழுக்க உடன்படுகிறேன்.

#12 கருங்குயில்

கணவன் செத்தானா இல்லையா என்றே தெரியாத பெண்கள்? போரில் அப்படித்தானே அதிகம். உடல் கிடைக்காது, சிறையா, எல்லை தாண்டினானா தெரியாது. அவளுக்கு இத்தா எப்போது தொடங்கும்?

#13 நூருல்_அமீன்

நல்ல கேள்வி கருங்குயில். காணாமல் போனவனை ஃபிக்ஹில் 'மஃப்கூத்' என்பார்கள். பழைய ஹனஃபி கருத்துப்படி அவன் வயதொத்தவர்கள் எல்லாரும் சாகும் காலம்வரை அவன் உயிரோடிருப்பதாகவே கொள்ள வேண்டும். இருபது வயதுப் பெண்ணுக்கு அது ஆயுள் முழுதும். மாலிகி மத்ஹபில் காழியிடம் (நீதிபதியிடம்) போனபின் நான்கு ஆண்டு, அதன்பின் இறந்தவனின் மனைவிக்குரிய இத்தா, நான்கு மாதம் பத்து நாள்.

இங்கே நம் பக்கம் ஒரு தொடர்பு உண்டு. பிரிட்டிஷ் இந்தியாவில் ஹனஃபி பெண்களுக்கு இந்த முடிச்சை அவிழ்க்க, வட இந்தியாவின் தேவ்பந்த் மதரஸா வழி அறிஞர் அஷ்ரஃப் அலி தானவி 1930-களில் மாலிகி கருத்தை எடுத்துக்கொள்ளலாம் என்று வாதாடினார். 1939 முஸ்லிம் திருமண ரத்துச் சட்டத்தில் "நான்கு ஆண்டு கணவன் இருப்பிடம் தெரியவில்லை" என்பது முதல் காரணமாக வந்தது. தமிழ்நாட்டிலும் அது இன்றுவரை நடப்பில் உள்ள சட்டம். தாலிபான் உலமாக்கள் தங்கள் கல்வி மரபைச் சொல்லும்போது தேவ்பந்தைச் சொல்கிறார்கள். அதே மரபில் 90 வருஷம் முன்பே கதவு திறந்தாகிவிட்டது. வெளியிலிருந்து வாதம் கொண்டுபோக வேண்டிய தேவையே இல்லை.

#14 தராசு_முள்

ஆப்கன் 1977 சிவில் சட்டத்திலும் வழி இருந்தது. மனைவி கேட்டால் நீதிமன்றம் பிரித்துவைக்க நான்கு காரணம்: நோய், கொடுமை, செலவுக்குக் கொடுக்காமை, கணவன் இல்லாமை. கடைசியில் தக்க காரணமின்றி மூன்று ஆண்டு அல்லது அதற்கு மேல் காணோம் என்றால் கேட்கலாம். பத்து ஆண்டு அல்லது அதற்கு மேல் சிறை என்றால் முதல் ஐந்து ஆண்டு கழித்துக் கேட்கலாம்.

ஒன்றைக் கவனியுங்கள்: இது மணவிலக்கு, மரணச் சான்று அல்ல. பிரிவு வாங்கிவிட்டால் அவள் பிரிந்த மனைவி, விதவை அல்ல. இத்தாவும் முடிந்தபிறகு கணவன் இறந்தால் வாரிசுப் பங்கு கேட்க முடியாது. அதனால் நிலம் இருக்கும் வீட்டுப் பெண் காத்திருப்பாள், நிலம் இல்லாதவள் பிரிவு கேட்பாள்.

பிள்ளைகள் பற்றியும் சொல்லிவிடுகிறேன். வளர்க்கும் பொறுப்பு, 'ஹிஸானத்', மகனுக்கு 7 வயதுவரை, மகளுக்கு 9 வரை தாயிடம், நீதிமன்றம் இரண்டு ஆண்டு நீட்டலாம் என்றது அதே சட்டம். சொத்தும் காப்பாளர் உரிமையும் தொடக்கத்திலிருந்தே தகப்பன் வழி ஆணிடம். வெளியாளை மணந்தால் ஹிஸானத்தும் போகும் என்று மிரட்டுவார்கள். கொழுந்தனுக்குத் தலையாட்டும் பெண்கள் பலர் பிள்ளைகளுக்காகத்தான் தலையாட்டுகிறார்கள்.

#15 செவிலி_ஜெயா

மூன்றாவது கேள்வியில் பிரசவத்தை நான் எடுத்துக்கொள்கிறேன்.

2002-இல் நடந்த ஆய்வில் லட்சம் உயிர்ப்பிறப்புக்குச் சுமார் 1,600 தாய்மார் மரணம் என்று மதிப்பிட்டார்கள். பதக்ஷானின் ராக் மாவட்டத்தில் 6,500. உலகில் எங்கும் பதிவான மிக உயர்ந்த அளவுகளில் அது ஒன்று. 2020-க்கான உலக சுகாதார நிறுவன மதிப்பீடு 620. இவ்வளவு இறங்கியதற்குப் பெரிய காரணம் கிராம மருத்துவச்சித் திட்டம். அந்தந்த ஊரிலிருந்தே பெண்ணை எடுத்து, ஏறக்குறைய இரண்டு ஆண்டு பயிற்சி கொடுத்து, அதே ஊருக்குத் திருப்பி அனுப்பினார்கள். ஊர்ப் பெண் என்றால் தங்க வீடு, மஹ்ரம், மொழி எல்லாம் தானாக இருக்கும். அந்தத் திட்டத்தை யோசித்தவர்களுக்கு நிலத்தின் நாடி தெரிந்திருக்கிறது.

தாய்மார் சாவில் முதலிடம் பிரசவத்துக்குப் பிந்திய இரத்தப்போக்கு. ஆக்ஸிடோசின் 10 யூனிட் ஊசி இருந்தால் பெரும்பாலும் தடுக்கலாம். அதை 2 முதல் 8 டிகிரியில் வைக்க வேண்டும், போட ஆள் வேண்டும். மலை கிராமத்தில் மின்சாரம் ஏது? அதனால் மிசோப்ரோஸ்டால் மாத்திரை, 200 மைக்ரோகிராம் மூன்று, மொத்தம் 600. குளிர்பெட்டி வேண்டாம். எட்டாம் மாதம் கையில் கொடுத்து வைப்பார்கள். குழந்தை பிறந்தவுடன், வயிற்றில் இன்னொரு குழந்தை இல்லை என்று பார்த்துவிட்டு, நஞ்சுக்கொடி விழுமுன் விழுங்க வேண்டும். பிறப்பதற்கு முன் விழுங்கினால் கருப்பை கிழிந்து தாயே போய்விடலாம். ஆகவே மாத்திரையைக் கொடுத்தால் போதாது. ஒரு பெண் நேரில் உட்கார்ந்து, வயிற்றைத் தொட்டுக் காட்டி, எப்போது, எப்போது கூடாது என்று மாமியாருக்கும் சேர்த்துச் சொல்ல வேண்டும். எழுதப்படிக்கத் தெரியாத வீட்டில் அட்டையில் அச்சடித்த குறிப்பு உதவாது.

அந்தப் பெண்ணைத்தான் இல்லாமல் ஆக்குகிறார்கள். 2021 செப்டம்பரிலிருந்து ஆறாம் வகுப்புக்கு மேல் பெண்களுக்குப் பள்ளி இல்லை. 2022 மார்ச் 23-இல் திறந்து, பிள்ளைகள் பெஞ்சில் உட்கார்ந்த சில மணி நேரத்தில் வீட்டுக்கு அனுப்பினார்கள். 2022 டிசம்பர் 20-இல் பல்கலைக்கழகம். மருத்துவச்சி, செவிலியர் பயிற்சி மட்டும் மிஞ்சியிருந்தது. 2024 டிசம்பர் 2-இல் அதுவும் போனது. 

பெண்ணை ஆண் வைத்தியர் தொடக்கூடாது என்றும் சில மாகாணங்களில் சொல்கிறார்கள், பெண் வைத்தியரை உருவாக்கவும் கூடாது என்கிறார்கள். இப்போது பணியில் இருப்பவர்கள் ஓய்வு பெறப் பெற இதன் கணக்கு பிரசவ அறையில்தான் தீரும்.

#16 கருங்குயில்

ஜெயா அக்கா, இதைப் படித்துவிட்டுச் சற்று நேரம் எதுவும் எழுத வரவில்லை.

வேலை பற்றி ஒன்று. 1990-களில் காபூலில் விதவைகள் நடத்திய ரொட்டிக்கடைகள் இருந்தன அல்லவா?

#17 மேகலா_ஆர்

ஆம். உலக உணவுத் திட்டம் மாவு கொடுத்தது. விதவைகள் தந்தூரில் 'நான்' ரொட்டி சுட்டு, மானிய விலையில் வேறு விதவை வீடுகளுக்கு விற்றார்கள். பெண்களுக்கு ஏறக்குறைய எல்லா வேலையும் மறுத்த முதல் தாலிபான் ஆட்சியிலேயே இது நடந்தது. 2000 ஆகஸ்டில் மூடச் சொல்லி உத்தரவு வந்தது, ஒரே நாளில் திரும்பப் பெற்றார்கள். ரொட்டி நின்றால் தெருவில் யார் வந்து உட்காருவார்கள் என்று அவர்களுக்கும் தெரியும். அந்த ஆட்சியோடு பேரம் பேச முடிந்த ஓர் இடம் ரொட்டி.

காபூலின் தென்கிழக்கு ஓரத்தில் 'தப்பா-யே-ஸனாபாத்' என்று ஒரு மேடு உண்டு. பெண்கள் குடியேற்றிய மேடு என்று பொருள். விதவைகள் ஒருவருக்கொருவர் கைகொடுத்துக் கட்டிய மண் வீடுகள். பகலில் போலீஸ் இடிக்கும் என்பதால் இரவில் மண் குழைத்து, விடிவதற்குள் சுவர் எழுப்பினார்கள். மஹ்ரம் இல்லாத பெண்களே பக்கத்துப் பக்கத்தில் இருந்ததால் ஒருத்தியின் வளர்ந்த மகன் பத்து வீட்டுக்கு ஓடியாடி வேலை செய்வான்.

#18 தராசு_முள்

இன்றைய நிவாரணப் பட்டியல் எப்படித் தயாராகிறது என்பதை யாரும் தொடவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

நகரத்தில் ஒவ்வொரு தெருத்தொகுதிக்கும் 'வகீல்-ஏ-குஸர்' என்று ஒரு ஆள், கிராமத்தில் 'மலிக்' அல்லது 'அர்பாப்'. எல்லாரும் ஆண்கள். இந்த வீட்டில் இன்னார் இருக்கிறார் என்று கையெழுத்துப் போடுவது அவர். அரிசி, மாவு, பணம், 'தஸ்கிரா' எனும் அடையாள அட்டை, எல்லாவற்றுக்கும் அந்தக் கையெழுத்து வேண்டும். தஸ்கிரா எடுக்க மனு, தகப்பன் வழி உறவினர் ஒருவரின் தஸ்கிரா, சாட்சி. தகப்பன் வழி ஆண்கள் எல்லாரும் இறந்துவிட்டால் முதல் படியிலேயே தடுக்கி விழுகிறாள். பெண்களில் பாதிக்கு மேல் அட்டை இல்லாதவர்கள், ஆண்களில் அது மிகச் சிறு பங்கு. 2020 வரை பிள்ளையின் அட்டையில் தாயின் பெயருக்கே இடம் கிடையாது.

முன்பு இந்தப் பட்டியலைச் சரிபார்க்கத் தொண்டு நிறுவனப் பெண் ஊழியர் வீட்டுக்குள் போவார். வாசலில் பதில் சொல்வது கொழுந்தன், அடுப்படியில் பதில் சொல்வது அவள். இரண்டு பதிலும் வேறு. 2022 டிசம்பர் 24-இல் தொண்டு நிறுவனங்களிலும், 2023 ஏப்ரலில் ஐநாவிலும் ஆப்கன் பெண்கள் வேலை செய்யத் தடை வந்தபின் அடுப்படிப் பதிலைக் கேட்க ஆள் இல்லை. ஆண் ஊழியர் வாசலோடு திரும்புகிறார். ஆண் இல்லாத வீட்டின் வாசலில் அவரால் நிற்கவே முடியாது. தேவை அதிகமுள்ள வீடு பட்டியலிலிருந்து முதலில் விழுகிறது.

சுகாதாரத்துக்கும் சில இடங்களில் கல்விக்கும் வாய்மொழி விலக்கு வாங்கி வேலை நடக்கிறது. அங்கேயும் ஒரு செவிலியரை அனுப்பினால் அவர் மஹ்ரமுக்கும் வண்டியில் இடம், சாப்பாடு, தங்கும் செலவு. நிறுவனங்கள் 'மஹ்ரம் படி' என்று தனியாகவே ஒதுக்குகின்றன. விதவையான செவிலியருக்கு அந்தப் படியும் பயன்படாது.

#19 பாலகுமார்

இப்படி அவர்கள் போடும் நிபந்தனைக்கெல்லாம் தலையாட்டி உதவி செய்வதைவிட, நிறுத்திவிட்டால் வழிக்கு வரமாட்டார்களா?

#20 செவிலி_ஜெயா

நிறுத்தினால் முதலில் பசிப்பது யார் என்று மேலே தராசு எழுதியிருக்கிறார் தம்பி. அதே விதவை.

ஆனால் 'எல்லாவற்றையும் ஏற்றுக்கொண்டு தொடர்வது' என்பதையும் நான் ஏற்கவில்லை. ஒரு வேலை பெண் ஊழியர் இல்லாமல் செய்யவே முடியாது என்றால், அந்த வேலையை மட்டும் நிறுத்துவது நியாயம். 2025 செப்டம்பரில் ஐநா அலுவலகங்களுக்குள் ஆப்கன் பெண் ஊழியர்களை விடவில்லை. அப்போது அகதிகள் முகமை, பாகிஸ்தானிலிருந்தும் ஈரானிலிருந்தும் திரும்புவோருக்குப் பணம் கொடுக்கும் மையங்களை நிறுத்தியது. வருபவர்களில் பாதிப்பேர் பெண்கள். அவர்களிடம் விவரம் கேட்டுக் கைரேகை எடுக்கப் பெண் ஊழியர் வேண்டும். ஆண்களை வைத்து ஒப்பேற்றியிருந்தால் பெண்கள் இல்லாமலே வேலை நடக்கும் என்று நிரூபித்ததாகிவிடும். கடினமான முடிவு, சரியான முடிவு என்றே நினைக்கிறேன்.

#21 நூருல்_அமீன்

நான் சற்று மாறுபடுகிறேன் ஜெயா சகோதரி. எல்லையில் இறக்கிவிடப்பட்ட விதவைக்கு அன்றைய ராத்திரி அந்தப் பணம்தான் வண்டிக்கூலி. கொள்கை சரி, விலையை அவள் கொடுக்கிறாள். வங்கி இல்லாமல் பணம் அனுப்பும் ஹவாலா வழியாகவாவது வேறு ஏற்பாடு இருந்திருக்க வேண்டும். குறியீட்டு எண் சொன்னால் சராஃப் எனும் பணமாற்றுக்காரர் பணம் தருவார், அவருக்குப் பெண் ஊழியரும் தேவையில்லை.

#22 செவிலி_ஜெயா

சராஃப் கடைக்கு அவள் போவது எப்படி பாய்? கடைசியில் எண்ணை ஒரு ஆணிடம்தான் சொல்ல வேண்டும். பணம் முழுதாக அவள் கைக்கு வருமா? அங்கேதான் என் தயக்கம்.

#23 தராசு_முள்

வழக்குகள் பற்றி ஒருவர் தனிச்செய்தியில் கேட்டிருந்தார், சுருக்கமாகச் சொல்கிறேன். மூன்று தடம். சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றம் 2025 ஜூலை 8-இல் தாலிபான் தலைவர் ஹிபத்துல்லா அகுந்த்ஸாதாவுக்கும் தலைமை நீதிபதி அப்துல் ஹகீம் ஹக்கானிக்கும் பாலின அடிப்படையிலான ஒடுக்குமுறைக் குற்றத்துக்குப் பிடியாணை பிறப்பித்தது. இது தனிமனிதர் மேல். இரண்டாவது அரசின் மேல்: 2003 மார்ச் 5-இல் ஆப்கானிஸ்தான், ஐநாவின் பெண்கள் மீதான பாகுபாடு ஒழிப்பு உடன்படிக்கையை எந்த விலக்கும் வைக்காமல் ஏற்றது. அதனால் 29-ஆம் பிரிவு கட்டுப்படுத்தும்: முதலில் பேச்சு, பிறகு நடுவர் மன்றக் கோரிக்கை, ஆறு மாதத்தில் இசைவு வராவிட்டால் சர்வதேச நீதிமன்றம். ஆஸ்திரேலியா, கனடா, ஜெர்மனி, நெதர்லாந்து 2024 செப்டம்பரில் இந்த வழியில் இறங்குவதாக அறிவித்தன. மூன்றாவது, 2024 அக்டோபர் 4 ஐரோப்பிய ஒன்றிய நீதிமன்றத் தீர்ப்பு: ஆப்கன் நாட்டவர், பெண் என்ற இரண்டுமே தஞ்சம் கொடுக்கப் போதும், தனிப்பட்ட ஆபத்தைத் தனியாக நிரூபிக்கத் தேவையில்லை. மூன்றில் உடனடியாக ஒரு பெண்ணின் கைக்கு எட்டுவது இதுதான். அதுவும் அவள் ஐரோப்பாவில் கால் வைத்தபின். அதற்குப் பாஸ்போர்ட், பாஸ்போர்ட்டுக்குத் தஸ்கிரா, பயணத்துக்கு மஹ்ரம்.

#24 வைகறை

எல்லாருக்கும் நன்றி. இதை வைத்து எங்கள் வாசிப்பு வட்டத்துக்கு ஒரு குறிப்பு தயாரிக்கிறேன். கடைசியாக ஒன்று: மஹ்ரம் என்பதைத் தமிழில் என்ன எழுதலாம்? 'ஆண் துணை' எல்லாருக்கும் புரியும், ஆனால் இப்போது அது சரியாகப் படவில்லை.

#25 நூருல்_அமீன்

'ஆண் துணை' வேண்டாம். கொழுந்தனும் ஆண், துணைக்கும் வருவான், ஆனால் மஹ்ரம் இல்லை. 'பாதுகாவலர்' என்றால் பெண்ணின் திருமணத்துக்குப் பொறுப்பான வலீயோடு குழம்பும், அது வேறு பொறுப்பு. 'மஹ்ரம்' என்றே எழுதிவிட்டு, முதல் இடத்தில் "கணவன், அல்லது மணமுடிக்க விலக்கப்பட்ட நெருங்கிய ஆண் உறவினர்" என்று ஒரு விளக்கம் போடுங்கள். யார் யார் இல்லை என்ற பட்டியலையும் அதற்குக் கீழேயே வையுங்கள், கொழுந்தனை முதலில் எழுதி.